யாரிடம் பேசுகிறது சமய உரையாடல்?

1893 செப்டம்பரில் சிகாகோவில் கூடிய உலகச் சமயப் பேரவையைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவற்றில் பெரும்பாலும் ஒருவர்தான் இருப்பார். அதில் நியாயம் உண்டு. விவேகானந்தரின் பயணத்துக்காகச் சென்னையில் வீடு வீடாகப் பணம் திரட்டியவர் அளசிங்கப் பெருமாள். ஊக்கமும் உதவியும் தந்தவர் இராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி. ஆனால் அதே மேடையில் கொழும்பிலிருந்து சென்ற இன்னோர் இளைஞரும் பேசினார். முப்பதைத் தொடாத அநகாரிக தர்மபால, தேரவாத பௌத்தத்தின் சார்பில் புத்தரின் கருணையை மேற்குலகுக்கு எடுத்துச் சொல்லிப் பாராட்டுப் பெற்றார். இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து, 1915இல் இலங்கையில் முஸ்லிம்களுக்கு எதிரான கலவரம் மூண்டபோது, அதே தர்மபால முஸ்லிம்களை அந்நியர்களாகவும் சிங்களவரைச் சுரண்டி வாழ்பவர்களாகவும் சித்திரித்து எழுதினார். பொது பல சேனா போன்ற பௌத்த தீவிர அமைப்புகள் இன்று தம் முன்னோடியாகக் கொண்டாடுவது அவரைத்தான். இதனால் அவர் சிகாகோவில் பேசியது பொய் என்று ஆகிவிடாது. தம் மதத்தின் சிறந்த பகுதியை அயலார் முன் விரித்துக் காட்டுவதை மட்டுமே அந்த மேடை அவரிடம் எதிர்பார்த்தது. ஊர் திரும்பிய பிறகு பக்கத்துத் தெருக் கடைக்காரரோடு எப்படி நடந்துகொள்வீர் என்று அது கேட்கவில்லை. கேட்கும் விதத்தில் அது அமைக்கப்படவும் இல்லை.

இன்று சர்வமத நிகழ்ச்சி என்று நாம் அழைப்பது பெரும்பாலும் அந்தப் பேரவையின் வாரிசு. மதத்துக்கொரு பிரதிநிதி, ஒவ்வொருவருக்கும் சில நிமிடங்கள், எல்லா மதமும் அன்பையே போதிக்கிறது என்ற முடிவு, இறுதியில் ஒரு பிரகடனம். வருபவர்கள் கபடதாரிகள் என்று நான் சொல்லவரவில்லை. பலர் உண்மையான மனத்தோடுதான் வருகிறார்கள். ஆனாலும் கடந்த நூற்றுமுப்பது ஆண்டு அனுபவத்தைச் சேர்த்துப் பார்த்தால், மதங்கள் ஒன்றையொன்று பார்த்துப் பேசியதால் மாறியவை குறைவு. அவை சேர்ந்து நின்று ஆயுதம் வைத்திருப்பவரிடமோ, கடன் கொடுத்தவரிடமோ, அரசிடமோ, சில வேளை தம் சொந்த மதபீடத்திடமோ கணக்குக் கேட்டபோதுதான் மனிதர் வாழ்வில் ஏதாவது அசைந்திருக்கிறது. அப்படியொரு மூன்றாம் தரப்பு எதிரில் இல்லாத உரையாடல் மரியாதைப் பரிமாற்றமாகவே நின்றுவிடுகிறது.

இந்தக் கருத்துக்கு எதிராக முதலில் எடுத்துக்காட்டத் தக்கது 1965 அக்டோபர் 28இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட ‘நோஸ்ட்ரா ஏட்டாட்டே’ அறிக்கை. எதிர்ப்பு வாக்குகள் நூறைக்கூட எட்டாமல் நிறைவேறிய அந்தச் சிறிய ஆவணம், இயேசுவின் மரணப் பழியை யூத இனம் முழுவதன் மேலும் சுமத்தும் நெடுநாள் வழக்கத்தைக் கைவிட்டது. பிற மதங்களில் உள்ள மெய்யும் புனிதமும் நிராகரிக்கத் தக்கவை அல்ல என்றது. மறைக்கல்வி நூல்கள் திருத்தப்பட்டன, புனித வெள்ளி மன்றாட்டின் சொற்கள் மாறின. இது உரையாடலின் வெற்றி இல்லையா? வெற்றிதான். ஆனால் எந்த வகை வெற்றி என்று பார்க்க வேண்டும். அந்த ஆவணம் யூதர்களிடம் சொன்ன முகமன் அன்று. ஹிட்லரின் கொலை முகாம்களுக்குப் பிறகு கத்தோலிக்கத் திருச்சபை தன் சொந்தப் போதனையைக் கூண்டில் ஏற்றி விசாரித்ததன் விளைவு. கணக்குக் கேட்கப்பட்டது அங்கேயும் ஓர் அதிகாரத்திடம்தான். அந்த அதிகாரம் திருச்சபையே என்பதுதான் அதன் பெருமை.

பின்னால் வந்த பெரிய பிரகடனங்களைப் பற்றி அந்த அளவுக்குச் சொல்ல முடியவில்லை. 1986இல் இரண்டாம் யோவான் பவுல் அசிசியில் கூட்டிய பிரார்த்தனை நாள், 1993இல் ஹான்ஸ் க்யூங் வரைவு எழுதிய உலக அறநெறிப் பிரகடனம், 2007இல் 138 இஸ்லாமிய அறிஞர்கள் கிறிஸ்தவத் தலைவர்களுக்கு விடுத்த திறந்த மடல், 2019 பிப்ரவரியில் திருத்தந்தை பிரான்சிசும் அல் அஸ்ஹர் இமாம் அகமது அல் தய்யிபும் அபுதாபியில் கையெழுத்திட்ட மனித சகோதரத்துவ ஆவணம் — எல்லாமே நல்ல சொற்கள். இவை எதையும் இகழ வேண்டியதில்லை. ஆனால் இவற்றின் பின்னணியில் இருக்கும் சிக்கலை 2012இல் வியன்னாவில் சவூதி அரேபியாவின் பணத்தில் திறக்கப்பட்ட சர்வமத உரையாடல் மையம் அப்பட்டமாகக் காட்டியது. வலைப்பதிவர் ஒருவருக்கு 2015 ஜனவரியில் சவூதி அரசு பொது இடத்தில் கசையடி தந்தபோது, உரையாடலுக்கென்றே பிறந்த அந்த மையத்தால் தன் புரவலரைக் கண்டிக்க முடியவில்லை. ஆஸ்திரியாவில் எதிர்ப்பு வளர்ந்து, கடைசியில் மையம் லிஸ்பனுக்கு இடம்பெயர்ந்தது. அரசின் செலவில் விரிக்கப்பட்ட கம்பளத்தில் அமர்ந்துகொண்டு அரசிடம் கேள்வி கேட்பது கடினம்.

உலகமயம் இந்தச் சிக்கலை இரட்டிப்பாக்குகிறது. நல்லெண்ணம் விமானத்தில் போகிறது, மாநாட்டு அரங்கில் தங்குகிறது; வெறுப்பு அலைபேசியில் போகிறது, செலவே இல்லை. 2014 செப்டம்பரில் மியன்மாரின் பிக்கு அசின் விராத்து கொழும்புக்கு வந்து பொது பல சேனாவின் மாநாட்டில் பேசினார். இரு நாட்டு முஸ்லிம் வெறுப்பும் ஒரே மேடையில் கைகோத்தது. 2018 மார்ச்சில் கண்டி மாவட்டம் திகனையில் முஸ்லிம் வீடுகளும் கடைகளும் எரிந்தபோது, அதற்குத் தூபமிட்ட சிங்களப் பதிவுகளை ஃபேஸ்புக் கவனிக்கத் தவறியது. இரண்டு ஆண்டு கழித்து அந்நிறுவனம் தன் பங்குக்கு மன்னிப்புக் கேட்டது. நைஜீரியாவின் கடுனா நகரக் கதை இன்னும் கசப்பானது. 1992 கலவரத்தில் வலது கையை இழந்த போதகர் ஜேம்ஸ் வூயேயும், அதே மோதலில் உறவினரையும் தம் ஆசிரியரையும் பறிகொடுத்த இமாம் முகமது அஷாஃபாவும் ஒரு காலத்தில் எதிரெதிர் ஆயுதக் குழுக்களை நடத்தியவர்கள். 1995இல் அவர்கள் சேர்ந்து ஒரு சமாதான மையம் தொடங்கினார்கள். 2002 ஆகஸ்டில் இரு தரப்புத் தலைவர்களும் கடுனா சமாதானப் பிரகடனத்தில் கையெழுத்திட்டார்கள். மூன்றே மாதத்தில், நைஜீரியாவில் நடக்கவிருந்த உலக அழகிப் போட்டியைப் பற்றி ஒரு நாளிதழ் எழுதிய வரிகளால் கடுனா மறுபடி எரிந்தது. இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். போட்டி லண்டனுக்குப் போனது. பிரகடனத்தை வீண் என்று தள்ளிவிட இது போதும் என்று சிலர் நினைக்கலாம். அஷாஃபாவும் வூயேயும் அப்படி நினைக்கவில்லை. அடுத்த ஆண்டுகளில் அவர்கள் மாநாடுகளை நம்பியிருக்காமல் யெல்வா போன்ற ஊர்களுக்கே போனார்கள். ஊர்ப் பெரியவர்களையும் இளைஞர் குழுக்களையும் அமர வைத்து, யார் எதை எரித்தார், யார் எதற்குப் பொறுப்பு என்று பேச வைத்தார்கள்.

வென்ற முயற்சிகளைப் பார்த்தால் அமைப்பு வேறாக இருப்பது தெரியும். லைபீரியாவில் 1989 முதல் நடந்த உள்நாட்டுப் போர்கள் இரண்டரை லட்சம் உயிர்வரை குடித்த பின், 2003இல் லூத்தரன் சபையைச் சேர்ந்த லேமா போவீயின் முன்முயற்சியில் கிறிஸ்தவப் பெண்களும் முஸ்லிம் பெண்களும் வெள்ளைச் சட்டை அணிந்து தலைநகர் மன்ரோவியாவில் திரண்டார்கள். ஒரே கடவுளா வேறு கடவுளா என்று அவர்கள் விவாதிக்கவில்லை. அதிபர் சார்ல்ஸ் டெய்லரிடமும் கிளர்ச்சித் தலைவர்களிடமும் போரை நிறுத்தச் சொன்னார்கள். அக்ராவில் பேச்சுவார்த்தை இழுபட்டபோது மண்டப வாசலையே அடைத்து உட்கார்ந்தார்கள். ஆகஸ்ட் 18இல் ஒப்பந்தம் கையெழுத்தானது. அவர்கள் மட்டுமே காரணம் என்று சொன்னால் மிகை. மேற்கு ஆப்பிரிக்கப் படைகளும் அமெரிக்க அழுத்தமும் இருந்தன. ஆனால் உள்ளே இருந்தவர்களுக்கு அவசரத்தை உணர்த்தியவர்கள் அந்த வாசலில் இருந்தவர்கள். பணத்தின் உலகத்திலும் இதே வடிவம் உண்டு. 1971இல் அமெரிக்காவின் எபிஸ்கோப்பல் சபை, தான் பங்குதாரராக இருந்த ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனம் இனவெறித் தென்னாப்பிரிக்காவிலிருந்து வெளியேற வேண்டும் என்று தீர்மானம் கொண்டுவந்தது. அந்த வழியில் பல மதங்களின் ஓய்வூதிய நிதிகளும் துறவியர் சபைகளும் சேர்ந்து நிறுவனங்களைக் கேள்வி கேட்கும் ஓர் அமைப்பே வளர்ந்தது. 1998 மே மாதம் ஜி-8 தலைவர்கள் கூடிய பர்மிங்காமில் ஏறக்குறைய 70,000 பேர் கைகோத்து மனிதச் சங்கிலி அமைத்து ஏழை நாடுகளின் கடனை ரத்து செய்யக் கேட்டார்கள். ஐம்பதாம் ஆண்டில் கடனும் அடிமைத்தனமும் தீர வேண்டும் என்ற விவிலிய விதியிலிருந்து பிறந்த இயக்கம் அது. வேறு நம்பிக்கையினரும் நம்பிக்கையற்றோரும் அதில் சேர்ந்தனர். அடுத்த ஆண்டு கொலோனில் கடன் நிவாரணத் திட்டம் விரிவாக்கப்பட்டது.

இலங்கையில் இந்த வழியை நெடுங்காலத்துக்கு முன்பே கண்டவர்கள் உண்டு; அவர்களைத் தமிழில் நாம் போதிய அளவு பேசவில்லை. அமலமரித் தியாகிகள் சபையின் திஸ்ஸ பாலசூரிய 1971இல் கொழும்பில் சமூக, சமய நிலையத்தைத் தொடங்கினார். பௌத்த மெய்யியலில் ஆழ்ந்த புலமை கொண்ட இயேசு சபைத் துறவி அலோய்சியஸ் பீரிஸ் 1974இல் களனியில் துலான ஆய்வு மையத்தை நிறுவினார். ஆசியாவின் பல மதத்தன்மையும் அதன் வறுமையும் பிரிக்க முடியாதவை. ஒன்றை விட்டு மற்றதைப் பற்றிப் பேசுவது அரைகுறை இறையியல் என்பது அவர் வாதம். மைக்கேல் ரொட்ரிகோ இன்னும் ஓரடி போனார். இரண்டு முனைவர் பட்டங்களோடு குருமடத்தில் பாதுகாப்பாகப் பாடம் நடத்தியிருக்கக் கூடிய அவர், 1980இல் மொனராகலை மாவட்டத்தின் புத்தளைக்குப் போனார். மாவட்டத்தில் ஏறக்குறைய எல்லாரும் பௌத்தர்கள், பெரும்பாலோர் சேனைப் பயிர் செய்யும் ஏழைகள்; 1818 கிளர்ச்சியை ஆங்கிலேயர் அடக்கிய விதத்தால் கிறிஸ்தவப் பாதிரிமார்மீது நூற்றாண்டு கடந்த சந்தேகம் கொண்ட மண். அவர் அங்கே மதமாற்றம் செய்யவில்லை. பன்னாட்டு மூலதனத்தோடு வந்த கரும்புத் திட்டம் உழவர் நிலத்தை விழுங்குவதைப் பிக்குகளோடும் உழவர்களோடும் சேர்ந்து கேள்வி கேட்டார். 1987 நவம்பர் 10 அன்று திருப்பலியின்போது சுட்டுக் கொல்லப்பட்டார். பாலசூரியவுக்குக் கிடைத்தது வேறு தண்டனை: மரியாளையும் மனித விடுதலையையும் பற்றிய நூலுக்காக 1997 ஜனவரியில் வத்திக்கான் அவரைச் சபை நீக்கம் செய்தது, ஓராண்டு கழித்து மீண்டும் சேர்த்துக்கொண்டது. சர்வமத மேடையில் குத்துவிளக்கு ஏற்றியதற்காக எவருக்கும் இப்படி நேர்ந்ததில்லை.

தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் இடையிலான கதைதான் இந்தக் கேள்வியின் மிகக் கடினமான பகுதி. 1990 ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்கள் கொல்லப்பட்டனர். அக்டோபரில் வடக்கின் முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் மொத்தமாக வெளியேற்றினர். அதன் பிறகு எத்தனை சர்வமதக் கூட்டம் நடந்தும் இரு தரப்பும் ஒன்றையொன்று நம்பத் தயங்கின. 2019 ஏப்ரல் 21இல் உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புகளில் 250க்கும் மேற்பட்டோர் இறந்தபோது, மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்தில் இறந்தவர்கள் தமிழ்க் கிறிஸ்தவர்கள். அவநம்பிக்கை மேலும் இறுகியது. பேராயர் மல்கம் ரஞ்சித் பழிவாங்கலைத் தடுத்ததோடு நிற்கவில்லை; உளவுத் தகவல் கிடைத்தும் ஏன் தடுக்கவில்லை என்று அரசை விடாமல் கேட்டார். 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன 10 கோடி ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று உத்தரவிட்டது. இதற்கிடையில் 2020 ஏப்ரலில் கொவிட் நோயால் இறந்தவர்களின் உடல்களைத் தகனம் மட்டுமே செய்ய வேண்டும் என்று அரசு வர்த்தமானி வெளியிட்டது. உலகச் சுகாதார நிறுவனம் அடக்கத்தையும் அனுமதித்திருந்தது, அரசு கேட்கவில்லை. டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அடிப்படை உரிமை மனுக்களை விசாரணைக்கே ஏற்காமல் தள்ளியது. பிறந்து இருபதே நாளான முஸ்லிம் குழந்தையின் உடல் பெற்றோர் விருப்பத்துக்கு எதிராக எரிக்கப்பட்டதும், பொரளை மயானக் கம்பிகளில் எல்லா மதத்தவரும் வெள்ளைத் துணி கட்டினார்கள். 2021 பிப்ரவரி 3 முதல் 7 வரை பொத்துவிலிலிருந்து பொலிகண்டி வரை நடந்த பேரணியில், சைவத் துறவியும் கத்தோலிக்கக் குருமாரும் முன்னின்றனர். காணாமலாக்கப்பட்டோர், காணி அபகரிப்பு, மலையகத் தொழிலாளரின் ஆயிரம் ரூபாய்ச் சம்பளம் ஆகியவற்றோடு முஸ்லிம் ஜனாஸாக்களை, அதாவது இறந்தோர் உடல்களை, அடக்கும் உரிமையும் கோரிக்கைப் பட்டியலில் இருந்தது. கிழக்கில் முஸ்லிம்கள் வந்து சேர்ந்தார்கள். முப்பது ஆண்டு சமரச உரைகள் செய்யாததை ஒரு கோரிக்கை வரி செய்தது.

இதற்கு உடனே ஒரு மறுப்பு எழும்: அடக்கத் தடை நீங்கியதற்குப் பேரணி காரணமல்ல, ஜெனீவாவில் மனித உரிமைப் பேரவையின் அமர்வு நடந்த வேளை, முஸ்லிம் நாடுகளின் வாக்கு அரசுக்குத் தேவைப்பட்டது, பாகிஸ்தான் பிரதமர் இம்ரான் கான் வந்து போன கையோடு, பிப்ரவரி 25இல் வர்த்தமானி மாறியது. இந்த வாதத்தை மறுக்க என்னிடம் சான்று இல்லை. பெரும்பகுதி உண்மை என்றே நினைக்கிறேன். ஆனால் உரையாடலின் பயனை அரசாணை மாறியதை மட்டும் வைத்து அளந்தால் பாதியைத் தவறவிடுவோம். அடக்கம் ஓட்டமாவடியில் மட்டுமே என்று அரசு வரையறுத்தது. அங்கே அடக்கமான மூவாயிரத்துக்கும் மேற்பட்டோரில் முஸ்லிம்களோடு இந்துக்களும் பௌத்தர்களும் கிறிஸ்தவர்களும் உண்டு. அடக்கம் முஸ்லிம்களின் தனிப் பிடிவாதம் என்று அரசு காட்டிய படம் அங்கே பொய்த்துப் போனது. 2024 ஜூலையில் அமைச்சரவை மன்னிப்புக் கேட்டபோது அந்த மன்னிப்பு எல்லாச் சமூகங்களுக்குமானதாக இருந்ததும் கவனிக்கத் தக்கது.

இரண்டாவது மறுப்பு இறையியலாளருடையது. மதத்தைத் தொண்டு நிறுவனமாகச் சுருக்குகிறீர்கள். மெய் எது என்ற கேள்வி எங்கே போயிற்று என்பார்கள். நான் பார்த்த சான்றுகள் இதற்கு நேர்மாறு. கடன் ரத்து இயக்கம் லேவியராகமத்திலிருந்து எழுந்தது. ஜனாஸா கோரிக்கை, இறந்தவரைக் குளிப்பாட்டித் தொழுது அடக்குவது சமூகத்தின் மேல் உள்ள கடமை என்ற இஸ்லாமிய விதியிலிருந்து எழுந்தது. எல்லாரும் ஒன்றுதான் என்று நம்பிக்கையை நீர்க்கச் செய்ய வேண்டிய கட்டாயம் மேடையில்தான் வருகிறது. பொதுக் காரியத்தில் ஒவ்வொருவரும் தம் நம்பிக்கையின் கூர்மையோடு வரலாம்.

மூன்றாவதுதான் எனக்கு உண்மையில் சிரமம் தருவது. மதங்கள் கெட்ட காரியத்துக்காகவும் அருமையாக ஒன்றுசேரும். 1994இல் கெய்ரோவில் மக்கள்தொகை மாநாடு நடந்தபோது வத்திக்கானும் சில முஸ்லிம் அரசுகளும் பெண்களின் கருவள உரிமை பற்றிய வாசகங்களுக்கு எதிராக ஒரே அணியில் நின்றன; அதைவிடச் சுமுகமான சர்வமத ஒத்துழைப்பை ஐ.நா. அதிகம் கண்டிருக்காது. 1915 கலவரத்துக்குப் பிறகு பொன்னம்பலம் இராமநாதன் என்ற சைவத் தமிழர் சிங்களத் தலைவர்களுக்காக லண்டன்வரை போய், கலவரத்தை அடக்க விதிக்கப்பட்ட ராணுவச் சட்டத்தின் கொடுமையை எடுத்துரைத்தார். சிங்களவர் அவரைத் தேரில் ஏற்றி இழுத்தனர். அரசிடம் கணக்குக் கேட்ட அந்தத் துணிச்சலில் கடையும் வீடும் இழந்த முஸ்லிம்களுக்கு இடமிருக்கவில்லை. ஆகவே மூன்றாம் தரப்பிடம் சேர்ந்து பேசுவது மட்டும் போதாது. அடிபட்டவர் அந்த வரிசையில் எங்கே நிற்கிறார் என்றும் பார்க்க வேண்டும். இந்த அளவுகோலை மதங்களுக்குள்ளும் நீட்டினால் சங்கடம் தொடங்கும். 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் திருமண வயதுக்குக் கீழ்வரம்பு வைக்கவில்லை. பெண்களைக் காதி நீதிபதியாக அனுமதிக்கவில்லை. முஸ்லிம் பெண்கள் பல்லாண்டுகளாகத் திருத்தம் கேட்கிறார்கள். 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் ஒடுக்கப்பட்ட சாதியினரை மறித்தவர்கள் சைவர்கள். மற்றவர் வீட்டு விஷயத்தில் தலையிடாமை என்ற சர்வமத நாகரிகம் இவ்விரண்டையும் உள்விவகாரம் என்று ஒதுக்கிவிடுகிறது. பௌத்த தீவிரவாதிகள் அந்தப் பெண்களின் குறையை முஸ்லிம் வெறுப்புக்குப் பயன்படுத்துவார்களே என்ற அச்சம் நியாயமானது. அதனால்தான் அந்தப் பேச்சு முஸ்லிம் பெண்கள் தொடங்கிய இடத்திலிருந்து, அவர்கள் சொல்லும் முறையில் நடக்க வேண்டியிருக்கிறது; மௌனமாக இருப்பதற்கு அது சாக்காகாது.

அரசியல் சட்டமும் மனித உரிமையும் போதும், குருமார் எதற்கு என்று மதச்சார்பின்மையாளர் கேட்பதற்கு, 2020 டிசம்பர் நீதிமன்ற அனுபவத்தைத் தவிர வேறு பதில் தேவையில்லை. எனவே மிஞ்சுவது, அடுத்த கணக்கை யாரிடம் கேட்பது என்பதுதான். 2022 ஏப்ரல் 12இல் இலங்கை வெளிநாட்டுக் கடனைத் திருப்பிக் கட்ட முடியாதென்று அறிவித்தது. அதே மாதம் காலிமுகத்திடல் போராட்டத்தில் முஸ்லிம்கள் நோன்பு துறந்தார்கள், பிக்குகளும் குருமாரும் சேர்ந்து நின்றார்கள். மே 18இல் அங்கேயே முள்ளிவாய்க்காலில் இறந்தவர்களும் நினைக்கப்பட்டார்கள். ஜனாதிபதி போனார், கடன் போகவில்லை. 2024 தொடக்கத்தில் மதிப்புக்கூட்டு வரி 15இலிருந்து 18 சதவீதமானது. அதை எல்லா மதத்து ஏழையும் அரிசியிலும் மருந்திலும் இல்லாவிட்டாலும் வேறு பலவற்றில் கட்டுகிறார். வட்டி அசலைத் தாண்டக் கூடாது என்று இந்து தர்மசாத்திர மரபு சொல்கிறது. இஸ்லாம் வட்டியைத் தடுத்து, நொடிந்த கடனாளிக்கு அவகாசம் தரச் சொல்கிறது. விவிலியம் ஐம்பதாம் ஆண்டை வைத்திருக்கிறது. கடனின்மையைப் பௌத்தம் இல்லறத்தானின் இன்பங்களில் ஒன்றாக எண்ணுகிறது. 2025 யூபிலி ஆண்டை முன்னிட்டு ஏழை நாடுகளின் கடனை விடுவிக்குமாறு திருத்தந்தை பிரான்சிசும் கேட்டார். ஆனால் கடன் மறுசீரமைப்பு மேசையில் இருந்தவர்கள் அரசும், கடன் தந்த நாடுகளும், பத்திரதாரரும், சர்வதேச நாணய நிதியமும்தான். பர்மிங்காமில் நின்றதுபோல ஒரு மனிதச் சங்கிலி அந்த மேசையைச் சுற்றி நிற்கவில்லை.